கிளைக்கால் என்ற சொல்: மருந்துப் புட்டியில் எது இருக்கலாம், எது இருக்கக் கூடாது

2025 அக்டோபர் மாதத்தில் நாளிதழ்களிலும் தொலைக்காட்சிகளிலும் ஒரு வேதியியல் சொல் நாள்தோறும் இடம்பெற்றது. டை எத்திலீன் கிளைக்கால் என்பது அச்சொல். மத்தியப் பிரதேசத்தின் சிந்த்வாரா மாவட்டத்தில் 20க்கும் மேற்பட்ட குழந்தைகள், பெரும்பாலும் ஐந்து வயதுக்கு உட்பட்டவர்கள், சிறுநீரகம் செயலிழந்து இறந்தனர். அவர்களுக்குச் சளிக்கும் இருமலுக்கும் கொடுக்கப்பட்ட கோல்ட்ரிஃப் என்னும் திரவ மருந்து காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாரானது. தமிழ்நாடு மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை அம்மருந்தைச் சோதித்தபோது கண்டறிந்த நச்சுப்பொருளின் பெயரே இது.

அதன் பிறகு புறநோயாளர் பிரிவுக்கு வரும் பெற்றோர் பலர் மருந்துப் புட்டிகளைக் கையோடு எடுத்து வருகின்றனர். புட்டியின் மேல் ஒட்டப்பட்ட சீட்டில் புரோப்பிலீன் கிளைக்கால் என்று அச்சிடப்பட்டிருப்பதைச் சுட்டிக்காட்டி, "டாக்டர், அந்த விஷம் இதுதானா?" என்று கேட்கின்றனர். மலச்சிக்கலுக்காகப் பல மாதங்களாக பாலி எத்திலீன் கிளைக்கால் பொடியை உட்கொண்டுவந்த முதியவர்கள் சிலர், பெயரைப் பார்த்து அஞ்சி அதை நிறுத்திவிட்டனர். வேறு சிலர், சீட்டில் கிளைக்கால் என்ற சொல்லே இல்லாததால் அந்த மருந்து பாதுகாப்பானது என்று எண்ணுகின்றனர். இந்த முடிவுகள் எவையும் சரியல்ல. அவற்றில் கூடுதல் தீங்கு விளைவிக்கக்கூடியது கடைசியாகச் சொன்னதுதான். காரணம் கீழே விளக்கப்படுகிறது.

சொல்லின் பொருள்

பிரெஞ்சு வேதியியலாளர் சார்லஸ் அடால்ஃப் வூர்ட்ஸ் 1856ஆம் ஆண்டு ஒரு புதிய திரவத்தை உருவாக்கினார். அதன் பண்புகள் கிளிசரினுக்கும் ஆல்கஹாலுக்கும் நடுவில் இருந்தன. எனவே கிளிசரின் என்பதன் முற்பகுதியையும் ஆல்கஹால் என்பதன் பிற்பகுதியையும் சேர்த்து அதற்குக் கிளைக்கால் என்று பெயரிட்டார். கிளிசரின், குளுக்கோஸ், கிளைக்கால் ஆகிய சொற்களின் முதற்பகுதி இனிப்பு என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. கிளைக்கால்கள் பலவும் நாவுக்கு இனிப்பாகவே இருக்கும். இந்த இனிப்பு பிற்பாடு பல உயிர்களைப் பறித்தது.

வேதியியலில் இன்று கிளைக்கால் என்பது ஒரு தனிப்பொருளின் பெயரன்று. ஒரு குடும்பத்தின் பெயர். ஆக்சிஜனும் ஹைட்ரஜனும் இணைந்த ஹைட்ராக்சில் என்னும் தொகுதி, சாராயத்தில் உள்ள எத்தில் ஆல்கஹாலில் ஒன்று இருக்கும். கிளிசரினில் மூன்று இருக்கும். அத்தகைய தொகுதிகள் இரண்டு கொண்ட ஆல்கஹால்களைக் கிளைக்கால் என்கிறோம். ஹைட்ராக்சில் தொகுதிகள் தண்ணீரோடு எளிதில் கலப்பவை. ஆகவே இக்குடும்பத்துப் பொருள்கள் பொதுவாகத் தண்ணீரில் முழுமையாகக் கரையும். திரவமாக இருப்பவை நிறமற்றும் சற்றே பாகு போலவும் இருக்கும்.

குடும்பப் பெயர் ஒன்றாக இருப்பதால் குணமும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. கிழங்கு என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். சர்க்கரைவள்ளிக் கிழங்கை அவித்துக் குழந்தைக்குக் கொடுக்கிறோம். மரவள்ளிக் கிழங்கை முறையாகச் சமைத்து உண்கிறோம். செங்காந்தளின் வேரான கண்வலிக் கிழங்கையோ உண்டால் உயிர் போகும். பெயரின் பிற்பகுதியை மட்டும் பார்த்து எவரும் இவற்றை ஒன்றெனக் கொள்வதில்லை. கிளைக்கால்களையும் அவ்வாறே முற்பகுதியைப் பார்த்தே பிரித்தறிய வேண்டும்.

எத்திலீன் கிளைக்கால் இரண்டு கார்பன் அணுக்கள் கொண்டது. வாகன இயந்திரங்களைக் குளிர்விக்கும் கூலன்ட் திரவத்தில் பயன்படுவது இதுவே. இது நச்சு. இதன் இரண்டு மூலக்கூறுகள் ஒரு தண்ணீர் மூலக்கூறை இழந்து ஒன்றோடொன்று இணைந்தால் டை எத்திலீன் கிளைக்கால் கிடைக்கும். 'டை' என்பது இரண்டு. இது பிரேக் ஆயில், பிசின், அச்சு மை போன்ற தொழிற்சாலைப் பொருள்களில் பயன்படுகிறது. இதுவும் நச்சு.

புரோப்பிலீன் கிளைக்காலில் கார்பன் அணுக்கள் மூன்று. ஒரு கார்பன் கூடியதால் உடலில் இதன் போக்கே மாறிவிடுகிறது. கல்லீரல் இதை லாக்டிக் அமிலமாக மாற்றுகிறது. லாக்டிக் அமிலம் நாம் ஓடும்போதும் சுமை தூக்கும்போதும் நம் தசைகளே உண்டாக்கும் பொருள். அதை எவ்வாறு பயன்படுத்திக் கழிப்பது என்பது உடலுக்குத் தெரியும். ஆகையால் மருந்துத் தரத்தில் தயாரித்த புரோப்பிலீன் கிளைக்கால், வரையறுத்த அளவில், திரவ மருந்துகளிலும் சில ஊசி மருந்துகளிலும் களிம்புகளிலும் அனுமதிக்கப்படுகிறது. பச்சிளங் குழந்தைகளிடமும், கல்லீரல் அல்லது சிறுநீரகம் பழுதுற்றவர்களிடமும் இதன் மொத்த அளவை மருத்துவர் கணக்கிட்டுப் பார்ப்பார். மற்றவர்கள் சீட்டில் இப்பெயரைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை.

பாலி எத்திலீன் கிளைக்கால் பற்றி ஒரு நோயாளி கேட்ட கேள்வி நியாயமானது. "இரண்டு சேர்ந்தாலே விஷம் என்றால், பல சேர்ந்தது இன்னும் பெரிய விஷம் அல்லவா?" 'பாலி' என்றால் பல என்பது உண்மைதான். ஆனால் மலமிளக்கியாகத் தரப்படும் பொடியில் அலகுகள் ஒன்றோடொன்று கோத்து நீண்ட சங்கிலியாகிவிடுகின்றன. அவ்வளவு நீண்ட சங்கிலியைக் குடற்சுவர் உறிஞ்சுவது மிகக் குறைவு. அது குடலிலேயே தங்கித் தண்ணீரைப் பிடித்துவைத்து, மலத்தை இளக்கி வெளியேறிவிடுகிறது. இரத்தத்தில் கலக்காத பொருள் சிறுநீரகத்தை அடைவது எப்படி? பெயருக்குப் பின் வரும் 3350, 4000 போன்ற எண்கள் அச்சங்கிலியின் மூலக்கூறு எடையைக் குறிப்பவை. மேக்ரோகோல் என்ற பெயரிலும் இதே மருந்து விற்கப்படுகிறது. மருத்துவர் எழுதிக்கொடுத்திருந்தால் அதை நிறுத்த வேண்டாம்.

நச்சு உள்ளே நுழைவது எப்படி

டை எத்திலீன் கிளைக்கால் எந்த மருந்திலும் சேர்மானப் பொருள் அன்று. அதை யாரும் சேர்ப்பதாக எழுதித் தயாரிப்பதில்லை. எனவே சீட்டில் அதன் பெயர் இருக்காது. நச்சு கலந்த புட்டியின் சீட்டும் நல்ல புட்டியின் சீட்டும் ஒன்றாகவே இருக்கும். புட்டியைப் படித்துப் பார்த்து இதைக் கண்டுபிடிக்கலாம் என்ற நம்பிக்கையை விட்டுவிட வேண்டும் என்று சொல்வதற்காகவே இப்பக்கத்தில் இவ்வளவு வேதியியல் எழுத வேண்டியிருக்கிறது.

பாரசிட்டமால் போன்ற மருந்துகள் வெறும் தண்ணீரில் நன்றாகக் கரைவதில்லை. சிறு குழந்தை மாத்திரையை விழுங்காது. எனவே மருந்தைக் கரைத்து வைத்திருக்க ஒரு கரைப்பான் தேவைப்படுகிறது. புரோப்பிலீன் கிளைக்கால், கிளிசரின், சார்பிட்டால் ஆகியவை இதற்குப் பயன்படுகின்றன. டை எத்திலீன் கிளைக்காலும் நிறமற்றது, பாகு போன்றது, இனிப்பானது, மருந்தை நன்கு கரைப்பது, விலையும் மலிவு. மருந்துத் தரத்துக்குப் பதிலாகத் தொழிற்சாலைத் தரக் கரைப்பானை வாங்கினால், அல்லது இடைத்தரகர் ஒருவர் பீப்பாயின் சீட்டை மாற்றி ஒட்டினால், கண்ணுக்கோ மூக்குக்கோ நாவுக்கோ வேறுபாடு தெரியாது. கொதிக்க வைத்தோ குளிர்பதனப் பெட்டியில் வைத்தோ வீட்டில் கண்டறிய முடியும் என்று சமூக ஊடகங்களில் பரவும் செய்திகளுக்கு அடிப்படை இல்லை. வாயு வண்ணப்பிரிகை போன்ற ஆய்வகச் சோதனைதான் வழி. கரைப்பான் வந்திறங்கிய அன்றே ஒவ்வொரு பீப்பாயிலிருந்தும் மாதிரி எடுத்து அச்சோதனையைச் செய்தால் நச்சு தொழிற்சாலை வாயிலிலேயே நின்றுவிடும். அது செய்யப்படாத இடங்களில்தான் குழந்தைகள் இறந்திருக்கின்றனர்.

சோதனையில் அனுமதிக்கப்படும் உச்ச வரம்பு 0.1 சதவீதம். கோல்ட்ரிஃப் மருந்தின் எஸ்.ஆர்-13 என்ற பேட்ச் எண் கொண்ட மாதிரியில் தமிழ்நாடு ஆய்வகம் கண்ட அளவு 48.6 சதவீதம். அதாவது 100 மில்லி மருந்தில் 48.6 கிராம். இதைத் தேக்கரண்டிக் கணக்கில் பாருங்கள். 5 மில்லி மருந்தில் வரம்பின்படி ஏறத்தாழ 5 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக் கூடாது. இருந்ததோ ஏறத்தாழ 2,400 மில்லிகிராம். ஏதோ தூசு விழுந்தது போன்ற கலப்படம் அன்று இது. புட்டியின் ஏறக்குறையப் பாதியே நச்சு. ஒரு நாளைக்கு மூன்று அல்லது நான்கு வேளை, பல நாள்கள், பத்துப் பன்னிரண்டு கிலோ எடையுள்ள குழந்தைக்கு அது ஊட்டப்பட்டது.

உடலுக்குள் நடப்பது

டை எத்திலீன் கிளைக்கால் குடலிலிருந்து விரைவாக உறிஞ்சப்படுகிறது. கல்லீரலில் உள்ள நொதிகள் அதைப் படிப்படியாக மாற்றுகின்றன. அவ்வாறு உருவாகும் டைகிளைக்காலிக் அமிலம் சிறுநீரகத்தின் நுண்குழல்களில் சேர்ந்து அங்குள்ள உயிரணுக்களை அழிக்கிறது. இரத்தத்தின் அமிலத்தன்மையும் உயர்கிறது.

முதலில் தோன்றுபவை வாந்தி, வயிற்றுவலி, சோர்வு, சில நேரங்களில் வயிற்றுப்போக்கு. ஏற்கெனவே காய்ச்சலும் சளியும் உள்ள குழந்தைக்கு இவை வந்தால், பெற்றோரும் மருத்துவரும் நோயின் தொடர்ச்சி என்றே எண்ணுவர். சிந்த்வாராவிலும் தொடக்கத்தில் ஏதோ தொற்றுநோய் என்ற ஐயமே எழுந்தது. ஒன்று முதல் மூன்று நாள்களில் சிறுநீர் குறைந்து, பின் அறவே நின்றுவிடுகிறது. முகமும் காலும் வீங்கலாம். மூச்சு வேகமாகவும் ஆழமாகவும் வாங்கலாம். அதையும் கடந்தால் சில நாள்களில் முகத்தசைகள் செயலிழத்தல், கைகால் தளர்ச்சி, வலிப்பு, நினைவிழப்பு ஆகியவை வரலாம்.

சிகிச்சை உண்டு, ஆனால் காலம் முக்கியம். நொதியைத் தடுத்து நிறுத்தும் முறிவு மருந்து, நச்சு இன்னும் அமிலமாக மாறாத முதல் மணிநேரங்களில்தான் முழுப் பயன் தரும். அது எல்லா மருத்துவமனைகளிலும் கிடைப்பதுமில்லை. டயாலிசிஸ் நச்சையும் அமிலத்தையும் இரத்தத்திலிருந்து நீக்குகிறது. சிறுநீரகம் மீளும் வரை உயிரைக் காக்கிறது. சிறுநீர் நின்று இரண்டு நாள் கழித்து வரும் குழந்தையைவிட, குறையத் தொடங்கியதும் வரும் குழந்தைக்கு வாய்ப்பு மிக அதிகம்.

ஏன் மீண்டும் மீண்டும்

இந்தச் சொல் மருத்துவ உலகுக்குப் புதிதன்று. 1937இல் அமெரிக்காவில் சல்ஃபனிலமைடு என்ற மருந்தை டை எத்திலீன் கிளைக்காலில் கரைத்து, ராஸ்பெரிச் சுவையூட்டி, எலிக்சிர் என்ற பெயரில் ஒரு நிறுவனம் விற்றது. 100க்கும் மேற்பட்டோர் இறந்தனர். ஒரு மருந்தை விற்பதற்கு முன் அது பாதுகாப்பானதா என்று சோதிக்க வேண்டும் என்று அன்றைய சட்டம் கேட்கவில்லை. எலிக்சிர் என்றால் அதில் ஆல்கஹால் இருக்க வேண்டும், இதில் இல்லை, எனவே பெயர் பொய் என்ற ஒரே காரணத்தைக் காட்டித்தான் அரசு அம்மருந்தைப் பறிமுதல் செய்ய முடிந்தது. இத்தனை மரணங்களுக்குப் பிறகு சட்டத்துக்குக் கிடைத்த பிடி ஒரு சொல்லின் பொருள் மட்டுமே. அடுத்த ஆண்டே புதிய சட்டம் இயற்றப்பட்டது.

இந்தியாவின் பட்டியல் நீண்டது. 1970களின் தொடக்கத்தில் சென்னையிலேயே குழந்தைகள் இறந்தனர். 1986இல் மும்பை ஜே.ஜே. மருத்துவமனையில் கலப்படக் கிளிசரினால் 14 பேர் இறந்தனர்; நீதிபதி லென்டின் தலைமையிலான ஆணையம் விசாரித்தது. 1998இல் டெல்லியை அடுத்த குர்கானில் 33 குழந்தைகள். 2019ஆம் ஆண்டு இறுதியில் ஜம்முவின் ராம்நகரில் பத்துக்கும் மேற்பட்டோர். 2022இல் இந்தியாவில் தயாரான இருமல் மருந்துகளோடு தொடர்புபடுத்தப்பட்டு காம்பியாவில் ஏறத்தாழ 70 குழந்தைகளின் மரணம் பதிவானது. அதே ஆண்டு இந்தோனேசியாவில் அந்நாட்டுத் தயாரிப்புகளால் இறந்தவர்கள் 200ஐக் கடந்தனர்.

காம்பியா நிகழ்வுக்குப் பின், 2023 ஜூன் 1 முதல் ஏற்றுமதியாகும் இருமல் மருந்துகள் அரசு ஏற்ற ஆய்வகத்தில் சோதிக்கப்பட்டுச் சான்று பெற வேண்டும் என்று மத்திய அரசு விதித்தது. தேவையான விதி. ஆனால் உள்நாட்டில் விற்கப்படும் புட்டிக்கு அதே முன்சோதனைச் சான்று கட்டாயமாக்கப்படவில்லை. வெளிநாட்டுக் குழந்தைக்குப் போகும் மருந்துக்கு ஒரு சல்லடை கூடுதலாகவும், நம் குழந்தைக்கு வரும் மருந்துக்கு ஒன்று குறைவாகவும் இருந்தது என்பதை மறைத்துப் பேசுவதில் பயனில்லை. தயாரிப்பாளர் தம் கடமையைச் செய்வார் என்ற நம்பிக்கையின் மேல் அந்த ஏற்பாடு நின்றது. 2025 அக்டோபரில், கரைப்பான்களையும் முடிவுற்ற மருந்தையும் சோதிக்காமல் விற்பனைக்கு விடக் கூடாது என்று மாநிலங்களுக்கு மத்திய மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு மீண்டும் வலியுறுத்தியது. தமிழ்நாட்டில் கோல்ட்ரிஃப் விற்பனை தடை செய்யப்பட்டது. தயாரித்த நிறுவனத்தின் உரிமம் நீக்கப்பட்டது. உலக சுகாதார நிறுவனமும் கோல்ட்ரிஃப், ரெஸ்பிஃப்ரெஷ் டி.ஆர்., ரீலைஃப் ஆகிய மூன்று மருந்துகளின் குறிப்பிட்ட பேட்ச்கள் குறித்து எச்சரித்தது. வீட்டில் இவற்றின் பழைய புட்டி இருந்தால் பயன்படுத்த வேண்டாம்.

வீட்டில் செய்யக்கூடியது

நச்சைக் கண்டறிவது உங்கள் வேலையன்று. அது ஆய்வகத்தின் வேலை. உங்கள் கையில் இருப்பது வேறொரு கேள்வி: இந்தக் குழந்தைக்கு இந்த மருந்து தேவைதானா? குழந்தைகளுக்கு வரும் சளி, இருமலில் பெரும்பாலானவை வைரசால் வந்து தாமாகவே தணிபவை. இருமல் மருந்து அவற்றின் காலத்தைக் குறைப்பதில்லை. இரண்டு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கு இருமல், சளி மருந்துகளை எழுதவோ வழங்கவோ கூடாது என்றும், ஐந்து வயதுக்குட்பட்டோருக்குப் பொதுவாக அவை பரிந்துரைக்கத்தக்கவை அல்ல என்றும் மத்திய சுகாதாரப் பணிகள் இயக்ககம் 2025 அக்டோபர் 3 அன்று அறிவுறுத்தியது. குளோர்பெனிரமின், பினைல்எஃப்ரின் ஆகிய இரண்டும் சேர்ந்த மருந்தை நான்கு வயதுக்குட்பட்டோருக்குத் தரக் கூடாது என்ற எச்சரிக்கை 2023 டிசம்பரிலேயே வந்துவிட்டது. கோல்ட்ரிஃப்பில் இருந்த சேர்மானம் இதுவே, பாரசிட்டமாலோடு. கலப்படம் இல்லாதிருந்தாலும், இறந்தவர்களுள் நான்கு வயது நிரம்பாத எவருக்கும் அம்மருந்து தரப்பட்டிருக்கக் கூடாது.

சளி பிடித்த குழந்தைக்கு அடிக்கடி தாய்ப்பால் அல்லது வெதுவெதுப்பான நீராகாரம் கொடுங்கள். மூக்கடைப்புக்கு உப்புநீர்ச் சொட்டு மருந்து போதும். ஒரு வயது நிறைந்த குழந்தைக்கு இரவில் அரைத் தேக்கரண்டி தேன் இருமலைத் தணிக்கும். ஒரு வயதுக்கு முன் தேன் கொடுக்கக் கூடாது. மூச்சு வாங்கினாலோ, விலா எலும்புகளுக்கு இடையே தசை உள்வாங்கினாலோ, பால் குடிக்க மறுத்தாலோ அது சாதாரணச் சளி அன்று; உடனே மருத்துவமனைக்கு வாருங்கள். சென்ற முறை அண்ணனுக்கு வாங்கி மிஞ்சிய புட்டியிலிருந்து தம்பிக்கு ஊற்றிக் கொடுக்கும் வழக்கத்தை நிறுத்துங்கள். மருந்துக் கடையில் கேட்டு வாங்குவதையும் நிறுத்துங்கள்.

இதற்கு மறுபுறமும் ஒன்று உண்டு. வலிப்பு நோய்க்கான திரவ மருந்து, காசநோய் மருந்து, மருத்துவர் தொடங்கிய ஆன்டிபயாட்டிக், இதய நோய்க்கான மருந்து ஆகியவற்றை அச்சத்தால் நிறுத்தாதீர்கள். வலிப்பு மருந்தை ஒரே நாளில் நிறுத்திய குழந்தைக்கு வரக்கூடிய தொடர் வலிப்பு, நீங்கள் அஞ்சும் கலப்படத்தைவிட நிகழ வாய்ப்பு மிகுந்த ஆபத்து. ஐயமிருந்தால் மாத்திரை வடிவில் அதே மருந்து உண்டா என்று மருத்துவரிடம் கேளுங்கள்.

எந்தத் திரவ மருந்தைக் கொடுத்தாலும் சிறுநீரைக் கவனியுங்கள். விழித்திருக்கும் குழந்தை ஆறு முதல் எட்டு மணி நேரம் சிறுநீர் கழிக்கவில்லை என்றால், அதிலும் வாந்தியும் மயக்கம் போன்ற சோர்வும் சேர்ந்திருந்தால், காலை வரை காத்திராமல் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லுங்கள். 108ஐ அழைக்கலாம்; ஆலோசனைக்கு 104. மருத்துவரிடம் கடந்த ஒரு வாரத்தில் கொடுத்த எல்லா மருந்துகளின் பெயரையும் சொல்லுங்கள், நாட்டு மருந்தும் கடை மருந்தும் உட்பட. மருந்தால் கெடுதல் நேர்ந்ததாகத் தோன்றினால் 1800-180-3024 என்ற கட்டணமில்லா எண்ணில் நீங்களே பதிவு செய்யலாம்.

மருந்து வாங்கும்போது ரசீது கேட்டுப் பெறுங்கள். அதில் பேட்ச் எண் இருக்கிறதா என்று பாருங்கள். அந்த எண் இல்லாமல் எந்தத் தொழிற்சாலையின் எந்த நாள் தயாரிப்பு என்று தேடிப் பிடிக்க முடியாது. குழந்தைக்கு உடல்நிலை கெட்டால் மீதமுள்ள மருந்தைக் கொட்டிவிடாதீர்கள், புட்டியைக் கழுவாதீர்கள். மூடியை இறுக்கி, அட்டைப் பெட்டியோடும் ரசீதோடும் ஒரு பையில் இட்டு மருத்துவமனைக்கு எடுத்து வாருங்கள். அடியில் தங்கிய சில மில்லி மருந்தே ஆய்வகச் சோதனைக்குப் பயன்படும்.